ஓய்வு பெறப் பதினோரு மாதம் இருக்கும்போது மாறுதல்: ரிட் போட்டால் ஸ்டே கிடைக்குமா?

பொருநைக்கரை:

வணக்கம். மாநில அரசுத் துறை ஒன்றில் கண்காணிப்பாளராக இருக்கிறேன். துறை பெயர் வேண்டாமே. ஓய்வு பெற இன்னும் பதினோரு மாதம். போன வாரம் திருநெல்வேலியிலிருந்து கிருஷ்ணகிரிக்கு மாற்றி ஆணை வந்திருக்கிறது. காரணம், ‘நிர்வாக நலன் கருதி’. அதே ஆணையில் அடுத்த வரியில் என் இடத்துக்கு வருகிறவர் பெயர். அவருக்கு மட்டும் ‘சொந்த விருப்பத்தின் பேரில்’.

தூரம்கூடப் பரவாயில்லை. என் கவலை பணிப் பதிவேடு. தூத்துக்குடியில் இருந்த காலத்தில் மூன்று வருடத்துக்குப் பணிச் சரிபார்ப்புக் கையெழுத்தே இல்லை. ஈட்டிய விடுப்புக் கணக்கில் ஒரு பக்கத்தில் அடித்துத் திருத்தியிருக்கிறார்கள், பக்கத்தில் சுருக்கொப்பம் இல்லை. இதையெல்லாம் இங்கே இருந்தபடி ஒவ்வொன்றாகச் சரி செய்துகொண்டு வந்தேன். எஸ்.ஆர். (அந்தப் பணிப் பதிவேடு) கிருஷ்ணகிரிக்குப் போய்விட்டால், என்னை யாரென்றே தெரியாத பிரிவு எழுத்தர் அதை எடுத்து, தூத்துக்குடிக்குக் கடிதம் எழுதி, பதில் வாங்கி, பென்ஷன் முன்மொழிவு தயாரித்து, ஏ.ஜி. ஆபீசுக்கு (மாநிலக் கணக்காயர் அலுவலகம்) அனுப்பி... ஓய்வு பெற்று எத்தனை மாதம் கழித்துப் பணம் கைக்கு வருமோ.

ஓய்வுக்கு ஒரு வருடம் இருப்பவரை மாற்றக் கூடாது என்று ஆபீசில் எல்லோரும் சொல்கிறார்கள். அப்படிச் சட்டம் உண்டா? உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் மனு போட்டு ஸ்டே (இடைக்காலத் தடை) கேட்கலாமா?

பழைய சூப்பிரண்டு:

தம்பி, முதலில் ஒன்று சொல்லுங்கள். ரிலீவ் பண்ணிவிட்டார்களா?

பொருநைக்கரை:

இல்லை ஐயா. தற்செயல் விடுப்பில் இருக்கிறேன். வருகிறவர் திங்கட்கிழமை சேருவதாகக் கேள்வி.

பழைய சூப்பிரண்டு:

அப்படியானால் உங்களுக்கு இருப்பது இந்த வாரக் கடைசி வரைதான். நீங்கள் லீவில் இருக்கிறீர்கள் என்பதற்காக நிற்க மாட்டார்கள். ‘இன்று பிற்பகல் பணிவிடுவிக்கப்படுகிறார்’ என்று ஒரு குறிப்பாணை போட்டு, பதிவுத் தபாலில் ஒன்று, வீட்டுக் கதவில் ஒன்று ஒட்டிவிட்டு வேலையைப் பார்ப்பார்கள். புது ஆள் வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டால் அந்த இடம் அவருடையது. அதற்கப்புறம் கோர்ட்டில் போய் நின்றால் முதல் கேள்வியே ‘வேறு ஆள் சேர்ந்தாச்சே, இப்போது எதற்குத் தடை?’ என்பதுதான்.

மனுநீதிப்பிரியன்:

மதுரைக் கிளையில் பணித்துறை வழக்குகள் பார்க்கிறேன். பொதுவாகச் சொல்கிறேன், உங்கள் ஆணையைப் பார்க்காமல் இதை ஆலோசனையாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

எல்லோரும் சொல்கிற ‘ஒரு வருடம்’ என்பது மாறுதல் வழிகாட்டு நெறிமுறைகளில் வருகிற சலுகை. சில இடங்களில் ஒரு வருடம், சில இடங்களில் இரண்டு, மூன்று. அது சட்டமன்றம் இயற்றிய சட்டமும் அல்ல, அரசியலமைப்பின் 309-வது பிரிவின் கீழ் வந்த பணி விதியும் அல்ல. இந்த வித்தியாசத்தில்தான் முக்கால்வாசி வழக்குகள் தோற்கின்றன. 1991-ல் ஷில்பி போஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் போட்ட கோடு இன்னும் அப்படியே இருக்கிறது. கட்டாயமான சட்ட விதியை மீறியிருக்க வேண்டும், அல்லது கெட்ட உள்நோக்கம் இருக்க வேண்டும். இரண்டும் இல்லாமல், வெறும் நிர்வாக அறிவுரையை மீறினார்கள் என்றால், மேலதிகாரியிடம் முறையிடு, நீதிமன்றம் சாதாரணமாகத் தலையிடாது என்றார்கள்.

அந்த வழக்கின் சங்கதி உங்களுக்கு இன்னும் சங்கடமானது. பீகாரில் ஆசிரியைகள் சிலரைக் கணவர் வேலை பார்க்கும் ஊருக்கு, அவர்கள் கேட்டதன் பேரில் மாற்றினார்கள். அதனால் இடம் இழந்தவர்கள் வழக்குப் போட்டார்கள். பாட்னா உயர் நீதிமன்றத்தில் ஜெயித்தார்கள், உச்ச நீதிமன்றத்தில் தோற்றார்கள். ஆகவே ‘இன்னொருவர் ஆசைக்காக என்னைத் தூக்கினார்கள்’ என்பதை மட்டும் நம்பி வர வேண்டாம்.

1993-ல் எஸ்.எல். அப்பாஸ் வழக்கும் அதே பாதைதான். ஷில்லாங்கில் தாவரவியல் ஆய்வு நிறுவனத்தில் தோட்டக் காப்பாளர், அப்போதைய உத்தரப் பிரதேசத்தின் பௌரிக்கு மாற்றினார்கள். மனைவிக்கு ஷில்லாங்கில் வேலை, பிள்ளைகள் அங்கே படிக்கிறார்கள், தனக்கு முதுகுவலி என்று எல்லாமே சொன்னார். கணவன் மனைவியை ஒரே ஊரில் வைக்க முடிந்தவரை முயலுங்கள் என்று அரசின் அறிவுரையே இருந்தது. அது அமல்படுத்தக் கேட்கும் உரிமையைத் தராது என்று சொல்லிவிட்டார்கள்.

தாழையூத்து:

அண்ணாச்சி, வக்கீல் சார் சொல்றதைக் கேட்டுப் பயந்துடாதீங்க. எங்க ஆபீஸ்ல ஒருத்தர் இதே மாதிரி ஸ்டே வாங்கி, ஸ்டேயிலேயே ரிட்டயர் ஆனார். கேஸ் கடைசி வரைக்கும் விசாரணைக்கே வரல.

மனுநீதிப்பிரியன்:

தாழையூத்து சொன்னதுதான் இந்த வகை வழக்கின் சூட்சுமம். மற்ற வழக்குகளில் இடைக்காலத் தடை என்பது வழியில் கிடைக்கும் ஒன்று. இங்கே அதுதான் தீர்ப்பு. பதினோரு மாதத்தில் அரசின் பதிலான எதிர் உறுதியுரை வந்து, அதற்கு நாம் மறுப்புரை போட்டு, இறுதி விசாரணைப் பட்டியலில் ஏறுவது அபூர்வம். தடை கிடைத்தவர் இருந்த இடத்திலேயே ஓய்வு பெறுவார், வழக்கு பயனற்றதாகி முடித்து வைக்கப்படும். தடை கிடைக்காதவர் போன இடத்தில் ஓய்வு பெறுவார், அவர் வழக்கும் பயனற்றதாகி முடித்து வைக்கப்படும்.

நீதிபதிக்கும் இது தெரியும், அரசு வழக்கறிஞருக்கும் தெரியும். அதனால்தான் அனுமதிக் கட்டத்திலேயே அரசுத் தரப்பு முழு மூச்சாக எதிர்க்கும். தடை கொடுத்தால் முழு நிவாரணத்தையும் விசாரிக்காமலே கொடுத்தது போல ஆகிவிடும் என்று நீதிமன்றமும் யோசிக்கும். பெரும்பாலும் நடப்பது மூன்றாவது ஒன்று. ‘மனுதாரரின் கோரிக்கை மனுவை நான்கு வாரத்துக்குள் பரிசீலித்துத் தகுந்த ஆணை பிறப்பிக்க வேண்டும்’ என்று சொல்லி முடித்து வைப்பார்கள். அந்த நான்கு வாரம் உங்களை ரிலீவ் பண்ணக் கூடாது என்ற ஒரு வரி அதில் இருக்கிறதா இல்லையா என்பதற்குத்தான் வக்கீலுக்குப் பீஸ்.

ஆகவே கோரிக்கை மனு ஏற்கெனவே போயிருக்க வேண்டும். மனு கொடுக்காமல் நேராக வந்தால் பரிசீலிக்கச் சொல்வதற்கு எதுவும் இருக்காது. இன்றைக்கே துறைத் தலைவருக்கு, உரிய வழியாக ஒரு நகல், முன்நகல் நேரடியாக ஒன்று, ஒப்புகை அட்டையோடு அனுப்புங்கள்.

கூடலூர் மழை:

எல்லோரும் வருத்தப்படுகிறீர்கள், நான் மறுபக்கம் சொல்கிறேன். நீலகிரியில் வேலை. மூன்று வருடமாக மாறுதல் கேட்கிறேன். என் இடத்துக்கு வர ஆள் இருந்தால்தான் என்னை விடுவார்கள். வரவேண்டியவர்கள் யார் தெரியுமா? ஒருவர் ஓய்வுக்கு ஒன்றரை வருடம், ஒருவர் சங்க நிர்வாகி, ஒருவர் மருத்துவச் சான்று. கடைசியில் சிபாரிசு இல்லாத சின்னப் பையனும், குழந்தை பெற்று ஆறு மாதம் ஆன பெண்ணும்தான் மலை ஏறுகிறார்கள். முப்பது வருடம் ஒரே மாவட்டத்தில் இருந்துவிட்டு கடைசி வருடம் மட்டும் அநியாயம் என்றால் எப்படி?

பொருநைக்கரை:

நான் ஒரே மாவட்டத்தில் இருந்தவன் இல்லை. தூத்துக்குடி, ராமநாதபுரம், பரமக்குடி எல்லாம் பார்த்தவன்தான்.

கூடலூர் மழை:

உங்களைத் தனியாகச் சொல்லவில்லை சார். பொதுவாகச் சொன்னேன்.

பழைய சூப்பிரண்டு:

கூடலூர்த் தம்பி சொல்வதில் நியாயம் இல்லாமல் இல்லை. ஆனால் நிர்வாகக் கண்ணோடு பாருங்கள். பதினோரு மாதத்துக்கு ஒருவரை 400 கிலோமீட்டருக்கு மேல் அனுப்பினால், முதல் மூன்று மாதம் வீடு தேடுவதிலும் கோப்பு பழகுவதிலும் போகும். கடைசி மூன்று மாதம் பென்ஷன் காகிதத்துக்காக லீவு போட்டுக்கொண்டே இருப்பார். நடுவில் கிடைப்பது ஐந்து மாத வேலை. அதற்கு மாறுதல் பயணப்படி வேறு. அப்புறம் கிருஷ்ணகிரியில் அந்த இடம் மறுபடி காலி. இதில் எந்த ‘நிர்வாக நலன்’ நிறைவேறுகிறது? கோரிக்கை மனுவில் அம்மாவுக்கு உடம்பு சரியில்லை, மகளுக்குக் கல்யாணம் என்று எழுதுவதைவிட இந்தக் கணக்கை எழுதுங்கள். படிக்கிற அதிகாரிக்கு உறைக்கும்.

புனே தமிழன்:

மகாராஷ்டிராவில் இதைச் சட்டமாகவே போட்டிருக்கிறார்கள். 2005-ம் வருடத்து மாறுதல் ஒழுங்குமுறைச் சட்டம். சாதாரணப் பணிக்காலம் மூன்று வருடம், மாறுதல் ஏப்ரல் மே மாதத்தில், நடுவில் மாற்ற வேண்டுமென்றால் சிறப்புக் காரணத்தை எழுத்தில் பதிந்து அடுத்த மேல் அதிகாரியின் ஒப்புதல் வேண்டும். மூன்று வருடம் முடிந்தும் ஓய்வுக்கு ஒரு வருடத்துக்குள் இருப்பவர்களுக்கு அதே இடத்தில் காலத்தை நீட்டிக்கலாம் என்று ஐந்தாம் பிரிவில் வெளிப்படையாக இருக்கிறது. ‘நீட்டிக்கலாம்’ தான், ‘நீட்டிக்க வேண்டும்’ இல்லை. ஆனாலும் மும்பையில் நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போகிறவர் கையில் சட்டப் பிரிவு இருக்கிறது. காரணம் பதியாமல் நடுவில் மாற்றினால் அந்த ஆணை அங்கே நிற்பது கஷ்டம்.

மனுநீதிப்பிரியன்:

அதேதான். தமிழ்நாட்டில் அப்படிப் பொதுவான சட்டம் இல்லை, அரசாணைகளும் நெறிமுறைகளும்தான். மும்பையில் ஜெயிக்கிற வழக்கு மதுரையில் தோற்பதற்கு இதுதான் காரணம். டி.எஸ்.ஆர். சுப்பிரமணியன் வழக்கில் 2013-ல் உச்ச நீதிமன்றம் குறைந்தபட்சப் பணிக்காலம் வேண்டும், குடிமைப் பணி வாரியம் அமைக்க வேண்டும் என்றெல்லாம் சொன்னது. அதை எடுத்துக்கொண்டு கண்காணிப்பாளர் மாறுதலுக்கு வாதாடியவர்களைப் பார்த்திருக்கிறேன். எடுபடவில்லை.

கேவி டீச்சர்:

கேந்திரிய வித்யாலயாவில் நான் வேலை பார்த்த காலத்து விதிமுறையில் ‘எல்.டி.ஆர்.’ என்று ஒரு வகை உண்டு. ஓய்வுக்கு மூன்று வருடத்துக்கும் குறைவாக இருப்பவர்கள். விரும்பிய ஊர் கேட்கும்போது அதற்குத் தனி மதிப்பெண், இன்னொருவருக்கு இடம் கொடுக்க நம்மைத் தூக்கும்போது பாதுகாப்பு. எனக்குச் சொந்த ஊருக்குப் பக்கத்தில் கிடைத்ததே அதனால்தான். ஆனால் அதை மீறினால் கோர்ட்டில் என்ன ஆகும் என்று கேட்டால், அதுவும் நெறிமுறைதான் மேடம் என்றுதான் அப்போதும் சொன்னார்கள். கணினியில் மதிப்பெண் போட்டு வரிசைப்படி நடப்பதால் மீறுவது கஷ்டமாக இருந்தது, அவ்வளவுதான்.

தாழையூத்து:

அண்ணாச்சி, ரிலீவ் ஆகறதுக்கு முன்னால மெடிக்கல் லீவு போட்டுடுங்க. ஸ்டே வர்ற வரைக்கும் வீட்லயே இருங்க.

பழைய சூப்பிரண்டு:

தயவுசெய்து இந்த யோசனையை யாரும் கேட்காதீர்கள். இதற்குத்தான் நான் இங்கே வந்து எழுதுகிறேன்.

மாறுதல் ஆணை வந்த மறுநாள் முதுகுவலி வந்தால், துறை உங்களை மருத்துவக் குழுவுக்கு அனுப்பும். குழு ‘பணிக்குத் தகுதி’ என்று எழுதினால் அதுவரை எடுத்த நாளெல்லாம் அனுமதியற்ற வராமை. ஒழுங்கு விதி பதினேழு ‘ஆ’வின் கீழ், பெரிய தண்டனைக்கான குற்றச்சாட்டு மெமோ வரும். ஓய்வு நாளன்று துறை விசாரணை நிலுவையில் இருந்தால் தற்காலிக ஓய்வூதியம் மட்டும்தான், பணிக்கொடை நிற்கும். எத்தனை பேர் பத்து மாத வசதிக்காக ஐந்து வருடம் நடந்தார்கள் என்று கணக்குப் பிரிவில் இருந்தவர்களைக் கேளுங்கள்.

வராமைக் காலத்தை எப்படி முறைப்படுத்துவது என்று முடிவாகாமல் எஸ்.ஆர். மூட முடியாது. எஸ்.ஆர். மூடாமல் முன்மொழிவு போகாது. ‘களஞ்சியம்’ என்ற அரசு ஊழியர் கணினி அமைப்பில் ஏற்றிவிட்டால் எல்லாம் தானாக நடந்துவிடும் என்று நினைக்காதீர்கள். ஏற்றுவதற்கு முன்னால் அந்த நாட்களுக்கு என்ன விடுப்பு என்று கேட்கும்.

மனுநீதிப்பிரியன்:

முழுக்க ஆமோதிக்கிறேன். 1989-ல் குஜராத் மின்வாரியம் எதிர் ஆத்மாராம் போஷானி என்ற வழக்கு இருக்கிறது. சூரத்திலிருந்து உக்காய்க்கு மாற்றினார்கள். கோரிக்கை மனு கொடுத்திருக்கிறேன் என்று சொல்லிச் சேராமலேயே இருந்தார். வேலை போயிற்று. மனு நிலுவையில் இருப்பது சேராமல் இருப்பதற்குக் காரணமாகாது, தடையோ ரத்தோ கையில் இல்லையென்றால் போய்ச் சேர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் எழுதியது. உங்கள் வழக்கில் அரசுத் தரப்பு முதலில் நீட்டுகிற தீர்ப்பும் இதுவாகத்தான் இருக்கும்.

செங்கொடி நெல்லை:

தோழர், நான் சங்கத்துக்காரன். இரண்டு விஷயம் கேட்கிறேன். உங்கள் மேல் புகார் எதுவும் உண்டா? சமீபத்தில் ஏதாவது கோப்பில் கையெழுத்துப் போட மறுத்தீர்களா?

பொருநைக்கரை:

புகார் எதுவும் இல்லை தோழர். கையெழுத்து விஷயம்... உண்டு. ஒரு கொள்முதல் பில். மூன்று விலைப்புள்ளியும் ஒரே கையெழுத்தில் இருந்தது, ஒரே மை. ஒன்றில் கடை பெயரை அடித்துத் திருத்தியிருந்தார்கள். ‘விலைப்புள்ளிகளின் உண்மைத்தன்மை சரிபார்க்கப்பட வேண்டும்’ என்று குறிப்பு எழுதி அனுப்பினேன். மூன்று வாரத்தில் மாறுதல்.

செங்கொடி நெல்லை:

இதை ஏன் முதலிலேயே சொல்லவில்லை! ஓய்வு பெறப் பதினோரு மாதம் என்பதல்ல உங்கள் வழக்கு. இதுதான்.

நெறியாளர்:

ஒரு வேண்டுகோள். அலுவலகப் பெயர், அதிகாரி பெயர், ஊகிக்க வைக்கும் விவரம் எதுவும் வேண்டாம். ஏற்கெனவே எழுதியதில் ஒரு வரியை நீக்கியிருக்கிறோம். விவாதம் தொடரட்டும்.

மனுநீதிப்பிரியன்:

செங்கொடி சரியான இடத்தைத் தொட்டார். ஆனால் இரண்டு பக்கமும் பார்க்க வேண்டும்.

நல்ல பக்கம், சோமேஷ் திவாரி வழக்கு. மத்திய கலால் துறை அதிகாரி, பெயரில்லாப் புகார் ஒன்று, விசாரித்ததில் ஒன்றும் இல்லை, இருந்தும் போபாலிலிருந்து ஷில்லாங். தண்டனைக்குப் பதிலாக மாறுதலைப் பயன்படுத்தினால் அது செல்லாது, எதிரே இருப்பவரின் மனதில் பகை இருந்ததாகக் காட்ட வேண்டியதில்லை, சட்டத்துக்குப் பொருந்தாத காரணத்தின் மேல் அதிகாரத்தைப் பயன்படுத்தியதே போதும் என்று ஆணையை ரத்து செய்தார்கள். உங்கள் குறிப்பும், ஆணையின் தேதியும், இடையில் இருக்கும் மூன்று வாரமும் இந்த வாதத்துக்கு உதவும்.

மோசமான பக்கம் நம் ஊர் வழக்கு. ஈ.பி. ராயப்பா, 1974. தலைமைச் செயலாளராக இருந்தவரைத் திட்டக் குழுவுக்கும், அப்புறம் தனி அலுவலர் பதவிக்கும் மாற்றினார்கள். தன்னிச்சை என்பதே சமத்துவத்துக்கு எதிரி என்ற கோட்பாட்டை ஐந்து நீதிபதிகள் அமர்வில் பகவதி எழுதியது இதில்தான், சட்டக் கல்லூரியில் எல்லோரும் படிப்போம். அப்படிப்பட்ட தீர்ப்பைப் பெற்றுத் தந்த ராயப்பா வழக்கில் தோற்றுப் போனார். உள்நோக்கம் என்று சொல்வது எளிது, நிரூபிக்கிற பாரம் சொல்பவர் தலையில், அதுவும் கனமான பாரம் என்றார்கள்.

இன்னொன்று. உள்நோக்கம் என்று எழுதினால் அந்த அதிகாரியைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். ‘மாவட்ட அலுவலர்’ என்று பதவியைப் போட்டால் போதாது. உங்கள் பென்ஷன் முன்மொழிவில் கையெழுத்துப் போட வேண்டியவரும் அவராகவே இருக்கலாம். ஆகவே தண்டனைக்குப் பதிலான மாறுதல் என்ற வாதத்தை முன்னால் வைத்து, பெயரைத் தொடாமல் போவதுதான் பல மூத்த வக்கீல்கள் செய்வது.

கூடலூர் மழை:

இந்தப் பில் விஷயம் தெரிந்த பிறகு நான் சொன்னதை இவருக்குப் பொருத்த மாட்டேன். பொதுக் கருத்து அப்படியே இருக்கிறது.

சாஸ்திரி பவன்:

மத்திய அரசு ஊழியர்களுக்கு ஒரு குறிப்பு. நாம் உயர் நீதிமன்றத்துக்கு நேராகப் போக முடியாது. மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில் மூல மனு, கட்டணம் 50 ரூபாய். அங்கே தோற்றால்தான் உயர் நீதிமன்ற டிவிஷன் பெஞ்ச், 1997-ல் உச்ச நீதிமன்றத்தின் சந்திரகுமார் தீர்ப்பு வந்ததிலிருந்து இதுதான் வழி. மேல்முறையீட்டு வழிகளை முடித்துவிட்டு வா என்று தீர்ப்பாயச் சட்டமே சொல்கிறது. ஆனால் ரிலீவ் ஆகிற தறுவாயில் இருக்கும்போது, கோரிக்கை மனு கொடுத்த நகலைக் காட்டினால் எண்ணிட்டு எடுத்துக்கொள்வதுண்டு.

மாநிலத்துக்கு அப்படித் தீர்ப்பாயம் இப்போது இல்லை, அதனால்தான் ரிட்.

பழைய சூப்பிரண்டு:

முன்பு இருந்தது. பள்ளிக் கல்வித் துறை ஊழியர் ஒருவரின் வழக்கு அந்தத் தீர்ப்பாயத்திலிருந்து டெல்லி வரை போனது நினைவிருக்கிறதா வக்கீல் சார்? பிள்ளைகள் படிப்பு சம்பந்தமாக.

மனுநீதிப்பிரியன்:

கருப்பத் தேவன் வழக்கு, 1994. நல்ல நேரத்தில் எடுத்தீர்கள். மாறுதலுக்கு முன்னால் ஊழியரை அழைத்துக் கேட்டிருக்க வேண்டும் என்று தீர்ப்பாயம் சொன்னது. அது தவறு, நிர்வாகத் தேவைக்காக மாற்றும்போது அப்படிக் கேட்கச் சட்டம் எதுவும் இல்லை என்று உச்ச நீதிமன்றம் திருத்தியது. ஆனால் அதோடு விடவில்லை. பிள்ளைகள் படித்துக்கொண்டிருக்கிறார்கள், கல்வியாண்டின் நடுவில் மாற்றுகிற அளவுக்கு அவசரம் எதுவும் தெரியவில்லை என்று சொல்லி, அந்தக் கல்வியாண்டு முடியும்வரை மாறுதலை அமல்படுத்தாமல் நிறுத்தியது.

நான் இந்த மாதிரி வழக்கில் சாய்வது இந்தத் தீர்ப்பின் இரண்டாம் பாதி மேல்தான். ‘ரத்து செய்யுங்கள்’ என்று கேட்டால் ஷில்பி போஸ் குறுக்கே நிற்கும். ‘தள்ளி வையுங்கள், என்ன அவசரம்?’ என்று கேட்டால் நீதிபதிக்கு இடம் இருக்கிறது. பள்ளிப் பிள்ளைக்குக் கல்வியாண்டு எப்படியோ, ஓய்வு பெறப் போகிறவருக்குப் பென்ஷன் காகிதம் தயாராகும் காலம் அப்படி என்று வாதிடலாம். மனுவில் செர்ஷியோராரிஃபைடு மாண்டமஸ் (ஆணையை ரத்து செய்து, இன்னதைச் செய் என்று உத்தரவிடக் கேட்பது) என்று பெரிய வேண்டுதல் கேட்டாலும், வாய்மொழியாகக் கேட்க வேண்டியது இந்தச் சின்ன விஷயம்தான். கண்டிப்பாகக் கிடைக்கும் என்று சொல்லவில்லை. 2021-ல் நம்ரதா வர்மா வழக்கில்கூட, எங்கே போடு, எங்கே போடாதே என்று ஊழியர் வற்புறுத்த முடியாது என்று இரண்டே பாராவில் தள்ளினார்கள்.

தாழையூத்து:

நீதிபதிகளை மாத்தினா மட்டும்? 2019-ல நம்ம சென்னை ஹைகோர்ட் தலைமை நீதிபதியா இருந்த தஹில்ரமானி மேடத்தை மேகாலயாவுக்கு மாத்தினப்போ அவங்க ராஜினாமா பண்ணிட்டாங்க. அவங்களுக்கும் ஓய்வுக்கு ஒரு வருஷம்தான் பாக்கி.

சாஸ்திரி பவன்:

அது உயர் நீதிமன்ற நீதிபதிகளை மாற்றுகிற அரசியலமைப்பின் 222-வது பிரிவு, வேறு கதை. இந்த இழையைத் திசை திருப்ப வேண்டாம். ராஜினாமா செய்கிற வசதி கண்காணிப்பாளருக்கு இல்லை.

கணினிப் பிரிவு:

வருவாய்த் துறைக்காரர்கள் கவனிக்க. தேர்தல் நெருங்கும்போது வருகிற மொத்த மாறுதலில், ஆறு மாதத்துக்குள் ஓய்வு பெறுபவர்களுக்குத் தேர்தல் ஆணையமே விலக்குக் கொடுக்கிறது. சொந்த மாவட்டம், மூன்று வருடம் என்ற நிபந்தனை அவர்களுக்குப் பொருந்தாது. ஆனால் தேர்தல் பணி தர மாட்டார்கள். இது பலருக்குத் தெரியாமல் பெட்டி கட்டிவிடுகிறார்கள்.

பொருநைக்கரை:

எல்லோருக்கும் நன்றி. நேற்று கோரிக்கை மனு அனுப்பிவிட்டேன். பழைய சூப்பிரண்டு ஐயா சொன்ன கணக்கை அப்படியே எழுதினேன். எஸ்.ஆர். குறைபாடுகளைப் பக்க எண்ணோடு இணைப்பாக வைத்தேன். மாறுதல் முன்மொழிவுக் கோப்பின் குறிப்புப் பக்கங்களைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டிருக்கிறேன். மதுரையில் ஒரு வக்கீலைப் பார்த்து வக்காலத்துப் போட்டாயிற்று. திங்கட்கிழமை காலை நீதிபதி முன் குறிப்பிட்டுச் சொல்லி அவசரமாக எடுக்கச் சொல்லலாம் என்கிறார். தடை கிடைக்காவிட்டால் கிருஷ்ணகிரி போய்ச் சேர்ந்துவிடுவது என்று வீட்டில் பேசி முடிவு செய்திருக்கிறோம்.

பழைய சூப்பிரண்டு:

நல்லது. எஸ்.ஆர். கையைவிட்டுப் போகும் முன் முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை செல்போனில் படம் எடுத்து வையுங்கள். கடைசி ஊதியச் சான்றில் ஈட்டிய விடுப்பு இருப்பு, பிடித்தம் செய்த கடன் தவணை எண் சரியாக இருக்கிறதா என்று பார்த்துவிட்டு வாங்குங்கள். தூத்துக்குடிக்கு நீங்களே ஒரு நாள் லீவு போட்டுவிட்டு நேரில் போங்கள். சம்பளப் பட்டியல் நகலும் பணப் பட்டுவாடாப் பதிவேடும் பழைய அறையில் கிடைக்கும். அதை வைத்துத்தான் அந்த மூன்று வருடத்தைச் சரிபார்க்க முடியும். கடிதம் எழுதினால் பதில் வராது.

தகவல் உரிமைச் சட்டப் பதில் 30 நாளில் வரும். திங்கட்கிழமைக்கு உதவாது, எதிர் உறுதியுரைக்கு மறுப்புப் போடும்போது உதவும்.

மல்லிகை மதுரை:

இடையில் கேட்பதற்கு மன்னிக்கவும். என் கணவர் மாநில அரசு ஊழியர், ஓய்வுக்கு ஒன்றரை வருடம். மகனுக்கு அறிவுசார் குறைபாடு, 75 சதவீதச் சான்று இருக்கிறது. மாறுதல் வரும் என்கிறார்கள். பராமரிப்பாளரை மாற்றக் கூடாது என்று மத்திய அரசு ஆணை இருப்பதாகப் படித்தேன். எங்களுக்குப் பொருந்துமா?

சாஸ்திரி பவன்:

அது பணியாளர் துறையின் 2018 அக்டோபர் 8 குறிப்பாணை மேடம். குறைபாடு உள்ள மகன், மகள், பெற்றோர், மனைவி அல்லது கணவர், உடன்பிறந்தவர் இவர்களைப் பராமரிக்கும் ஊழியருக்கு வழக்கமான சுழற்சி மாறுதலிலிருந்து விலக்குத் தரலாம் என்று இருக்கிறது. ஆனால் அது மத்திய அரசு ஊழியர்களுக்கு மட்டும்தான்.

மனுநீதிப்பிரியன்:

மாநிலத்தைக் கட்டுப்படுத்தாது. ஆனால் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 2016 மாநிலத்துக்கும் பொருந்தும், அதையும் இந்தக் குறிப்பாணையையும் சேர்த்து எடுத்துக்காட்டலாம். மாறுதல் வந்த பிறகு எழுதாதீர்கள். இப்போதே யூ.டி.ஐ.டி. அட்டை (மாற்றுத்திறனாளி அடையாள அட்டை), சான்று, மகன் போகிற சிறப்புப் பள்ளியின் கடிதம் மூன்றையும் இணைத்து, விலக்குக் கேட்டு ஒரு மனு கொடுத்து, தபால் பிரிவின் முத்திரையோடு நகலை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். உங்கள் கணவர் பெயரில்தான் மனு போக வேண்டும், உங்கள் பெயரில் வேண்டாம்.

மல்லிகை மதுரை:

சரி சார். பள்ளிக் கடிதத்தில் எந்த நாளிலிருந்து படிக்கிறான் என்று குறிப்பிடச் சொல்லவா?

மனுநீதிப்பிரியன்:

ஆமாம். வாரத்தில் எத்தனை நாள் பயிற்சி, கூட்டிக்கொண்டு வருவது யார் என்பதையும் எழுதச் சொல்லுங்கள்.